வகை: துடுப்பு

படிவத்தில் மூன்றே கட்டங்கள்:
பெடல், துடுப்பு, சிகாரா.
எஞ்சினுக்குக் கட்டம் கிடையாது.
இந்த ஏரியில் எஞ்சினே கூடாது.

தோபியாஸ் ஜெபக்கனி, ஜீப் மெக்கானிக், நாயுடுபுரம்,
கிரீஸ் கையோடு சன்னலில் நிற்கிறார்.
“மிதக்கவிட மட்டும் மேடம். மூணு நாள்.”
டெபாசிட்டாக
ஒரு பித்தளைச் சாவியை மேஜையில் வைக்கிறார்.

போய்ப் பார்த்தேன். ஆய்வும் என் வேலைதான்.
யூகலிப்டஸ் விறகுக்குப் பின்னால்
எழுபது வருஷம் தார்ப்பாய் போர்த்திக் கிடந்ததாம்.
இருபத்திரண்டு அடி மகோகனி.
மேல்தளப் பலகைகளுக்கு இடையே
கோலமாவில் இழுத்தது போல் வெள்ளைக் கோடுகள்.
பதினான்கு பூச்சு வார்னிஷ்;
குனிந்தால் என் அடையாள அட்டை
தலைகீழாகத் தெரிந்தது.
பின்பக்கம் மட்டும் உள்வாங்கி,
இடுப்பில் சேலையை இறுக்கிச் செருகிக்கொண்டவள் மாதிரி.

பிலிப்பைன்ஸ் காட்டில் விழுந்த மரம்
மிச்சிகனில் நீராவி பட்டு வளைந்தது.
முதல் போர் முடிந்த சமயம்,
பறப்பதற்காக வார்த்த எஞ்சின்கள்
எதிரியைப் பார்க்காமலே ஏலத்துக்கு வந்தன.
யாரோ வாங்கிப் படகின் வயிற்றில் வைத்தார்கள்.
தண்ணீரைத் தொட்டும் தொடாமலும் ஓடியது.
அப்போது அங்கே மதுவிலக்கு.
சாராயம் கடத்தினவனும்
துரத்தின போலீஸும்
ஒரே பட்டறையில் அட்வான்ஸ் கொடுத்தார்கள்
என்று தோபியாஸ் சொல்ல,
எனக்கு ஒரு செக்போஸ்ட் ஞாபகம் வந்தது.
எதுவென்று எழுத மாட்டேன்.

இதை வரவழைத்தவர் ஒரு மிஷன் பல் டாக்டர்.
தூத்துக்குடியில் கப்பல் இறங்கி,
அம்மையநாயக்கனூரில் ரயில் இறங்கி,
ஒரு கொண்டை ஊசி வளைவில் மட்டும்
மூன்று மணி நேரம் முன்னும் பின்னும் நகர்ந்து
மலையேறியது.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து நான்கு, மே மாதம்.
சாவியைத் திருப்பினார். மூக்கு எழும்பியது.
முழு வேகம் பிடிக்குமுன்
ஏரி தீர்ந்துவிட்டது.

இதைச் சொல்லித் தோபியாஸ் சிரித்தார்.
பி.எஸ்சி. இயற்பியல் முடித்து
பதினோரு வருஷம் இந்த சன்னலில் ரசீது கிழிக்கிற எனக்கு
அந்த இடத்தில் சிரிப்பு வரவில்லை.

முதல் நாள் படகு மூழ்கியது.
நான்கு கயிறு தாங்க, விளிம்பு வரை தண்ணீர்.
“ஓட்டை” என்றார் குதிரைக்காரர்.
“தாகம்” என்றார் தோபியாஸ்.
காய்ந்த பலகை குடிக்கும்,
குடித்து உப்பும்,
உப்பிய பலகைகள் பஸ் சீட்டில் மூன்றாவது ஆள் உட்கார்ந்தாற்போல்
நெருக்கிக்கொள்ளும்.
அதுவரை இறைக்க வேண்டியதுதான்.
இரண்டு ராத்திரி மூடுபனிக்குள்
அவருடைய பம்ப் கேட்டது.
மூன்றாம் நாள் விடியலில்
உறிஞ்ச ஒன்றுமில்லாமல் இருமி நின்றது.

துடுப்பு என்று எழுதிக் கொடுத்துவிட்டேன்,
துடுப்பு மாட்ட வளையமே இல்லை.
விதிக்குள் இருந்தது ஒரு அன்னப் பெடல் படகு.
ஈரோட்டுப் புதுத் தம்பதி, அரை மணி டிக்கெட்.
கயிறு கட்டிக்கொள்ளலாமா என்று கேட்டேன்.
அவன் யோசித்தான்.
அவள் செருப்பைக் கழற்றி மிதிக்கத் தொடங்கினாள்.

ஸ்டீயரிங்கில் நான்.
மணிக்கு இரண்டு கிலோமீட்டர்.
முன்னால் வெள்ளைச் சாயம் உரிந்த அன்னம்,
பின்னால் ரேஸ் குதிரை,
கல்யாண ஊர்வலத்தில் நடத்திக் கூட்டிப்போவது மாதிரி.
ஆனாலும் மூக்கு தண்ணீரைத் தொட்ட இடத்தில்
ஒரு மடிப்பு திறந்து
இரண்டு கரைக்கும் ஒரே சமயத்தில் போனது.
சோளம் தின்றவர்கள் எழுந்து நின்றார்கள்.
கையில் எந்த அதிர்வும் இல்லை,
ஆனால் கூந்தலை ஏன் இறுக்கி முடிந்தேன்
என்று தெரியவில்லை.

பதிவேட்டில்:
வகை, துடுப்பு.
துடுப்புகள், இல்லை.
வேகம் என்று ஒரு பத்தி உண்டு,
யாரும் நிரப்புவதில்லை. நானும் நிரப்பவில்லை.

தோபியாஸ் டெபாசிட்டைத் திரும்பக் கேட்கவில்லை.
மத்தியானம் ஆளில்லாத நேரம்
இழுப்பறையிலிருந்து எடுத்து
காற்றில் ஒரு தரம் திருப்புவேன்.
வலப்பக்கம்.